முப்பது நாள் உரிமம்: எல்.எல்.ஆர். எதைக் கணக்கில் வைக்கிறது?

எல்.எல்.ஆர். எனப்படும் பழகுநர் உரிமம் எதற்கு என்று ஆர்.டி.ஓ. அலுவலக வாசலில் நிற்கும் யாரைக் கேட்டாலும் ஒரே பதில்தான் வரும்: "முப்பது நாள் கழிச்சு லைசென்ஸ் எடுக்க." பதிலில் பிழையில்லை. ஆனால், அந்த முப்பது நாளில் என்ன நடக்க வேண்டும் என்பதைப் பற்றி அதில் ஒன்றுமே இல்லை. விண்ணப்பத்தை வாங்கும் அலுவலகம் அதைக் கேட்பதில்லை. வண்டியை வாங்கிக் கொடுக்கும் வீடும் கேட்பதில்லை. வாகனம் ஓட்டக் கற்றுக்கொள்வதற்காகவே தரப்படும் உரிமம், கற்றது எவ்வளவு என்பதற்கு எந்தக் கணக்கும் வைத்துக்கொள்வதில்லை. நாள்காட்டியை மட்டும் பார்க்கிறது. புதிய ஓட்டுநரை உருவாக்கும் நமது முறையின் அடிப்படைக் கோளாறு இங்கேதான் இருக்கிறது.

சட்டத்தில் இருப்பது

இந்தியச் சாலைகளை இன்று ஆள்வது 1988-ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டம். 1989 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. இதற்கு முன் 1939-இலும், அதற்கும் முன் 1914-இலும் சட்டங்கள் இருந்தன. இன்றைய சட்டத்தின்படி, பொது இடத்தில் மோட்டார் வாகனம் ஓட்ட 18 வயது நிறைந்திருக்க வேண்டும். லாரி, பேருந்து போன்ற போக்குவரத்து வாகனங்களுக்கு 20. எல்.எல்.ஆர். ஆறு மாதம் செல்லும். விதிகளின்படி, எல்.எல்.ஆர். கையில் வந்து 30 நாளாவது ஆன பிறகே ஓட்டுநர் தேர்வுக்கு வர முடியும். தேர்வில் தோற்றவர் 7 நாள் கழித்து மீண்டும் வரலாம். மூன்று முறை தோற்றால் 60 நாள் காத்திருக்க வேண்டும்.

கட்டணமும் பெரிதல்ல. 2016 டிசம்பர் இறுதியில் திருத்தப்பட்ட மத்திய விதிகளின்படி, ஒவ்வொரு வகை வாகனத்துக்கும் எல்.எல்.ஆர். கட்டணம் 150 ரூபாய், முதல்நிலைத் தேர்வுக்கு 50 ரூபாய்.

கவனித்துப் படிக்க வேண்டியது மத்திய மோட்டார் வாகன விதிகளின் 3-ஆம் விதி. உரிமம் இல்லாமல் யாரும் வண்டி ஓட்டக் கூடாது என்ற பொதுத் தடையிலிருந்து பழகுபவருக்கு மட்டும் இது விலக்குத் தருகிறது. விலக்குக்கு மூன்று நிபந்தனைகள். செல்லுபடியாகும் எல்.எல்.ஆர். இருக்க வேண்டும். முழு உரிமம் உள்ள ஒருவர், வண்டியைக் கட்டுப்படுத்தவோ நிறுத்தவோ முடிகிற இடத்தில் கூடவே உட்கார்ந்திருக்க வேண்டும். வண்டியின் முன்னும் பின்னும் வெள்ளைப் பின்னணியில் சிவப்பு 'எல்' இருக்க வேண்டும். அந்தப் பலகை 18 சென்டிமீட்டர் சதுரத்துக்குக் குறையக் கூடாது, எழுத்தின் உயரம் 10 சென்டிமீட்டருக்குக் குறையக் கூடாது என்று அளவும் கொடுத்திருக்கிறார்கள். இவற்றில் ஒன்று இல்லாவிட்டாலும் விலக்கு போய்விடும். அதாவது, எல்.எல்.ஆரைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு தனியாக வண்டி ஓட்டுபவர், சட்டத்தின் கண்ணில் உரிமம் இல்லாமல் ஓட்டுபவர்தான். 2019-ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பிறகு அதற்கான அபராதம் 5,000 ரூபாய்.

ஆக, சட்டத்தின் நோக்கம் தெளிவாகவே இருக்கிறது. எல்.எல்.ஆர். என்பது வண்டி ஓட்டுவதற்கான அரை உரிமம் அல்ல. ஒருவர் பார்வையில் பழகுவதற்கான அனுமதி. இந்த நோக்கம் நடைமுறைக்கு வரும்போது எங்கெங்கே கழன்றுபோகிறது என்பதுதான் கேள்வி.

சிவப்பு 'எல்' வந்த வழி

சிவப்பு 'எல்' பிரிட்டனிலிருந்து வந்தது. அங்கே 1903-ஆம் ஆண்டுச் சட்டம் ஐந்து ஷில்லிங் கட்டியவருக்கெல்லாம் உரிமம் கொடுத்தது. தேர்வு எதுவும் இல்லை. 1934-இல் பிரிட்டிஷ் சாலைகளில் ஏழாயிரத்துக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அன்று அங்கிருந்த வாகனங்கள் சுமார் 24 லட்சம்தான். இந்தச் சாவுக்கணக்குதான் அரசை அசைத்தது. 1935 ஜூனிலிருந்து புதிய ஓட்டுநர்களுக்குத் தேர்வு கட்டாயமானது. பழகுபவரின் வண்டியில் 'எல்' பலகை தொங்கியதும் அதே ஆண்டில்தான்.

எல்.எல்.ஆர். என்ற ஏற்பாட்டுக்குப் பின்னால் இருப்பது, பழகும் காலம் ஆபத்தான காலம் என்ற அனுபவம். பிற்கால ஆய்வுகள் இதை இன்னும் கூர்மையாக்கின. பக்கத்தில் ஒருவர் இருக்கும் வரை பழகுபவர் அவ்வளவாக விபத்தில் சிக்குவதில்லை. முழு உரிமம் கிடைத்துத் தனியாக ஓட்டத் தொடங்கும் முதல் சில மாதங்களில்தான் விபத்து திடீரென்று எகிறுகிறது. பல நாடுகள் பழகும் காலத்தை நீட்டி, அதைப் படிப்படியாகப் பிரித்தது இதனால்தான்.

முதல்நிலைத் தேர்வு

எல்.எல்.ஆருக்கு முன் ஒரு சிறு தேர்வு உண்டு. கணினித் திரையில் ஒரு சாலைக்குறி வரும், கீழே விடைகள் வரும், ஒன்றைத் தொட வேண்டும். 60 சதவீதம் சரியாக இருந்தால் தேர்ச்சி. எதையெல்லாம் கேட்க வேண்டும் என்று 11-ஆம் விதி வகுத்திருக்கிறது: சாலைக்குறிகள், சாலை விதிகள், விபத்து நேர்ந்தால் ஓட்டுநரின் கடமை, வண்டியில் வைத்திருக்க வேண்டிய ஆவணங்கள், ஆளில்லா ரயில்வே கேட்டைக் கடக்கும்போது எடுக்க வேண்டிய முன்னெச்சரிக்கை. கடைசியாகச் சொன்னதைப் பாருங்கள். அகலப்பாதையில் இருந்த ஆளில்லா கேட்டுகள் அனைத்தையும் இந்திய ரயில்வே 2019 ஜனவரிக்குள் அகற்றிவிட்டது. பாடத்திட்டம் 1989-இலேயே நிற்கிறது. நாற்சந்தியில் இடப்பக்கம் திரும்பும் பேருந்தின் பக்கவாட்டில் பைக்கை நுழைத்தால் என்ன ஆகும் என்பது போன்ற, இன்றைய சாலையில் உயிர் காக்கும் அறிவுக்கு அந்தப் பட்டியலில் தனி இடமில்லை.

2021 முதல் ஆதார் வழியாக அடையாளம் உறுதிசெய்து, அலுவலகத்துக்கே போகாமல் எல்.எல்.ஆர். பெறும் வழியும் வந்துவிட்டது. கால்கடுக்க நின்றவர்களுக்கு இது பெரிய ஆறுதல். வேலைக்குப் போகும் பெண்களுக்கும் தொலைவில் இருக்கும் கிராமத்தாருக்கும் அரைநாள் கூலி மிச்சம். ஆனால், தேர்வு எழுதுபவர் யார் என்பதைத்தான் ஆதார் சொல்லும். பக்கத்தில் நின்று விடை சொல்பவர் யார் என்பதைச் சொல்லாது. வசதி கூடியபோது தேர்வின் எடை இன்னும் கொஞ்சம் குறைந்தது.

எட்டும் எச்சும்

ஓட்டுநர் தேர்வு என்றாலே தமிழ்நாட்டில் 'எட்டு போடுவது'. தரையில் இரண்டு வட்டங்களைச் சேர்த்து வரைந்த பாதையில், கால் தரையில் படாமல் இருசக்கர வாகனத்தைச் சுற்றிக்கொண்டுவர வேண்டும். வேகம் கூடினால் கோட்டுக்கு வெளியே போய்விடும், குறைந்தால் கால் ஊன்றிவிடும். பின் பிரேக்கை லேசாக அழுத்தியபடியே ஆக்ஸிலேட்டரைப் பிடித்துக்கொண்டு, அடுத்த வளைவைப் பார்த்துத் தலையைத் திருப்புபவர் தப்பிப்பார். முன்சக்கரத்தையே குனிந்து பார்ப்பவர் கால் ஊன்றுவார். பிரேக் இன்ஸ்பெக்டர் என்று மக்கள் அழைக்கும் மோட்டார் வாகன ஆய்வாளர் ஓரமாக நின்று பார்ப்பார். ஓரிரு நிமிடத்தில் முடிந்துவிடும். காருக்கு முன்னும் பின்னுமாக 'எச்' வடிவப் பாதை.

எட்டு போடுவது வீண் வேலையல்ல. மெதுவான வேகத்தில் வண்டியைச் சமநிலையில் வைத்திருக்கத் தெரிகிறதா என்பதை அது நன்றாகவே காட்டிவிடும். ஆனால், 15-ஆம் விதி தேர்வில் பார்க்கச் சொல்வது இருபதுக்கும் மேற்பட்ட திறன்களை. கண்ணாடி பார்த்த பிறகு சைகை காட்டுவது, பாதுகாப்பாக முந்துவது, பிறரை முந்த விடுவது, தடம் மாறுவது, மேட்டில் நிறுத்திப் பின்னால் உருளாமல் எடுப்பது, அவசரத்தில் நிறுத்துவது, பாதசாரிகள் கடக்கும் இடத்தில் நடந்துகொள்ளும் விதம், சாலையின் தன்மைக்கேற்ப வேகத்தை மாற்றுவது என அந்தப் பட்டியல் நீள்கிறது. படித்துப் பார்த்தால், சாலையை அறிந்த ஒருவர் உட்கார்ந்து எழுதியது தெரியும். இவற்றில் பெரும்பாலானவற்றை, வேறு வண்டியே இல்லாத மைதானத்தில் எட்டையும் எச்சையும் வைத்துச் சோதிக்க முடியாது. எதிரே யாரும் வராத இடத்தில் முந்துவதற்கு யார் இருக்கிறார்கள்?

கேமராவும் சென்சாரும் பொருத்திய கணினிமயத் தேர்வுத் தளங்கள் பரவிவருகின்றன. ஆய்வாளரின் தயவு தாட்சண்யத்துக்கு அங்கே இடம் குறைவு என்பது நல்ல செய்தி. கோட்டைத் தொட்டதா இல்லையா என்பதை இயந்திரம் துல்லியமாகச் சொல்லும். ஆனால், அதே வடிவங்களைத்தான் சொல்லும். தவறான கேள்விக்குத் துல்லியமான விடை கிடைக்கும்.

டெல்லி ஆய்வு சொன்னது

மரியன் பெர்ட்ரான்ட், சிமியோன் ஜான்கோவ், ரேமா ஹன்னா, செந்தில் முல்லைநாதன் ஆகிய நான்கு பொருளியலாளர்கள் டெல்லியில் நடத்திய ஆய்வு 2007-இல் 'குவார்ட்டர்லி ஜர்னல் ஆஃப் எகனாமிக்ஸ்' இதழில் வெளியானது. உரிமத்துக்கு முயன்ற 822 பேரை மூன்று குழுக்களாகப் பிரித்தார்கள். ஒரு குழுவுக்கு, விரைவாக உரிமம் வாங்கினால் ஊக்கத்தொகை. இன்னொன்றுக்கு இலவச ஓட்டுநர் பயிற்சி. மூன்றாவது குழுவுக்கு எதுவும் இல்லை. உரிமம் பெற்றவர்களை அந்தப் பொருளியலாளர்களே தனியாக ஒரு தேர்வு வைத்துச் சோதித்தார்கள்.

உரிமம் பெற்றவர்களில் 71 சதவீதம் பேர் ஓட்டுநர் தேர்வுக்கே போகவில்லை. உரிமம் வாங்கிய நேரத்தில் 62 சதவீதம் பேருக்கு வண்டி ஓட்டும் தகுதி இல்லை. அரசுக் கட்டணம் சுமார் 450 ரூபாயாக இருந்தபோது, சராசரியாக 1,120 ரூபாய் செலவழித்திருந்தார்கள். கூடுதல் பணம் நேராக அதிகாரி கைக்குப் போகவில்லை. எல்லாம் புரோக்கர்கள் வழியாகவே போனது. விரைவாக உரிமம் வேண்டும் என்ற தூண்டுதல் உள்ள குழுவில், ஓட்டத் தெரியாமலே உரிமம் வாங்கியவர்கள் கூடினார்கள்.

நமக்கு வேண்டிய பாடம் இதில் இருக்கிறது. லஞ்சம் என்றால் நியாயமாகக் கிடைக்க வேண்டியதைத் தாமதப்படுத்திப் பணம் பறிப்பது என்றுதான் நினைக்கிறோம். இங்கே அது வேறொன்றைச் செய்தது: யாருக்கு உரிமம் போகக் கூடாதோ அவருக்கும் கொண்டுபோய்ச் சேர்த்தது. ஆய்வு நடந்து ஏறத்தாழ இருபது ஆண்டுகள் ஆகின்றன. கணினி வந்திருக்கிறது, கட்டணம் இணையத்தில் கட்டப்படுகிறது. ஆனால், பழகும் காலத்தில் என்ன நடந்தது என்பதற்கு எந்தப் பதிவும் இல்லாத வரை, தேர்வு நாளின் ஓரிரு நிமிடத்தைச் சமாளித்துவிட்டால் போதும். புரோக்கருக்கு வேலை கிடைப்பதே அந்த இடைவெளியில்தான்.

எல்.எல்.ஆர். வெறும் சான்றாகச் சுருங்குவதைத் தமிழ்நாடு 2018-இல் கண்கூடாகப் பார்த்தது. பணிபுரியும் மகளிருக்கு வண்டியின் விலையில் பாதி அல்லது 25,000 ரூபாய் வரை மானியம் தரும் அம்மா இருசக்கர வாகனத் திட்டம் அறிவிக்கப்பட்டபோது, எல்.எல்.ஆர். இருந்தாலும் விண்ணப்பிக்கலாம் என்றானது. ஆர்.டி.ஓ. அலுவலகங்களில் பெண்கள் கூட்டம் அலைமோதியது. பெண்களின் நடமாட்டத்துக்கு அந்தத் திட்டம் செய்த நன்மையை மறுப்பதற்கில்லை. ஆனால், அந்த வரிசையில் எல்.எல்.ஆர். ரேஷன் அட்டையோடும் வருமானச் சான்றோடும் சேர்த்து நகலெடுக்கும் இன்னொரு தாளாக இருந்தது.

பின்னால் உட்கார்ந்து பிரேக் பிடிப்பது எப்படி?

டிரைவிங் ஸ்கூல் காரில் இடப்பக்க இருக்கையின் காலடியில் இன்னொரு கிளட்சும் இன்னொரு பிரேக்கும் இருக்கும். பழகுபவர் ஹாஃப் கிளட்சில் தடுமாறி வண்டி குலுங்கும்போது, மாஸ்டரின் கால் அங்கே ஏற்கெனவே வேலை செய்துகொண்டிருக்கும். பல நேரம் பழகுபவருக்கு அது தெரியவே தெரியாது. தானே ஓட்டியதாக நினைத்துக்கொண்டு இறங்குவார். 3-ஆம் விதி சொல்லும் 'நிறுத்த முடிகிற இடம்' என்பது காருக்கு இப்படிப் பொருந்துகிறது.

பைக்குக்கு? பின்னால் உட்கார்ந்திருப்பவரின் கை முன் பிரேக்கை எட்டாது, கால் பின் பிரேக்கை எட்டாது. பழகுபவர் பைக்கில் வேறு யாரையும் ஏற்றக் கூடாது, பயிற்சி தருபவரை மட்டும் ஏற்றலாம் என்கிறது விதி. ஆனால், அவர் அங்கிருந்து எதையும் நிறுத்த முடியாது. கனம் கூடி, சமநிலை இன்னும் கெடுவதுதான் மிச்சம். ஆகவே, ஊருக்கு ஊர் நடப்பது இதுதான்: அப்பாவோ அண்ணனோ பள்ளி மைதானத்தில் நின்று "கிளட்ச்சை மெதுவா விடு" என்று கத்துவார், மறுவாரம் பிள்ளை தனியாகச் சாலையில் இருக்கும். விதியைக் கடைப்பிடிக்கவே வழியில்லாத இடத்தில் விதிமீறல் பழக்கமாகிவிடுகிறது.

இது ஓரத்துச் சிக்கல் அல்ல. மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகத்தின் கணக்குப்படி 2022-இல் இந்தியச் சாலைகளில் இறந்தவர்கள் 1,68,491 பேர். அவர்களில் 44.5 சதவீதம் பேர் இருசக்கர வாகனத்தில் போனவர்கள். அதே ஆண்டு தமிழ்நாட்டில் 64,105 விபத்துகள், 17,884 சாவுகள். விபத்து எண்ணிக்கையில் நாட்டிலேயே முதலிடம். இவையெல்லாம் புதிய ஓட்டுநர்களால் நேர்ந்தவை என்று சொல்ல முடியாது. சாலை வடிவமைப்பு, வேகம், குடி, ஹெல்மெட் என்று காரணங்கள் பல. ஆனால், எந்த வாகனத்தில் அதிகம் சாகிறோமோ, அந்த வாகனத்துக்குத்தான் பழகும் காலம் என்ற ஏற்பாடே ஏட்டளவில் நிற்கிறது.

பதினாறு வயதின் குழப்பம்

16 வயது நிறைந்தவர் 50 சி.சி.க்கு மேற்படாத வண்டியை ஓட்டலாம் என்கிறது சட்டம். பெற்றோர் அல்லது பாதுகாவலரின் எழுத்துப்பூர்வ ஒப்புதலோடு கியர் இல்லாத அந்த வண்டிக்கு எல்.எல்.ஆரும் கிடைக்கும். இந்தப் பிரிவு எழுதப்பட்ட காலத்தில் அதற்குப் பொருள் இருந்தது. 1980-இல் ஓசூரிலிருந்து வெளிவந்த டி.வி.எஸ். 50 தமிழ்நாட்டுத் தெருக்களை நிறைத்திருந்தது. இன்று அதே வரிசையில் வரும் எக்ஸ்.எல். 100-இன் எஞ்சின் 99.7 சி.சி.; ஸ்கூட்டர்கள் பெரும்பாலும் 110, 125 சி.சி. சட்டம் அனுமதிக்கும் வண்டி கடையில் இல்லை. கடையில் இருக்கும் வண்டிக்கு அனுமதி இல்லை.

இன்னொரு பக்கம், 250 வாட்டுக்கும் மணிக்கு 25 கிலோமீட்டருக்கும் மேற்படாத மின்ஸ்கூட்டருக்கு உரிமமே தேவையில்லை. ஆக, பிளஸ் டூ படிக்கும் பிள்ளைக்கு முறையாகப் பழகுவதற்கான வாசல் கிட்டத்தட்ட மூடியிருக்கிறது. ஒரு பாடமும் இல்லாமல் சாலையில் இறங்குவதற்கான வாசல் திறந்திருக்கிறது. மீறினால் தண்டனை கடுமை. 2019-இல் சேர்க்கப்பட்ட 199ஏ பிரிவின்படி, சிறார் வண்டி ஓட்டிக் குற்றம் செய்தால் பாதுகாவலருக்கோ உரிமையாளருக்கோ மூன்று ஆண்டு வரை சிறையும் 25,000 ரூபாய் அபராதமும். வண்டியின் பதிவு 12 மாதம் ரத்து. அந்தப் பிள்ளைக்கு 25 வயது வரை உரிமம் கிடையாது. அச்சுறுத்தலை உயர்த்திய திருத்தம், பழகும் வழியைச் செப்பனிடவில்லை.

விபத்து நடந்த பிறகு நிலைமை என்ன என்பதில் மட்டும் நீதிமன்றம் தெளிவு தந்திருக்கிறது. நேஷனல் இன்சூரன்ஸ் எதிர் ஸ்வரண் சிங் வழக்கில் 2004-இல் உச்ச நீதிமன்றம், பழகுநர் உரிமமும் உரிமமே; அதை வைத்திருந்தவர் ஓட்டிய வண்டியால் விபத்து நேர்ந்தால் காப்பீட்டு நிறுவனம் பொறுப்பிலிருந்து நழுவ முடியாது என்றது. பாதிக்கப்பட்டவரை அந்தத் தீர்ப்பு காக்கிறது. பாதிப்பு நேராமல் காக்க வேண்டிய இடத்தில்தான் வெற்றிடம்.

மணிக்கணக்கு

நியூசிலாந்து 1987-இல் படிநிலை உரிம முறையைத் தொடங்கியது. பழகுபவர் அடுத்த படியில் தனியாக ஓட்டலாம். ஆனால் இரவு 10 மணி முதல் காலை 5 மணி வரை தனியாக ஓட்டக் கூடாது, துணையில்லாமல் ஆள் ஏற்றக் கூடாது. அதையும் கடந்த பிறகே முழு உரிமம். ஆஸ்திரேலியாவின் விக்டோரியா மாநிலத்தில் 21 வயதுக்கு உட்பட்டவர் தேர்வுக்கு வரும் முன் 120 மணி நேரம் ஓட்டிய பதிவு வேண்டும்; அதில் 20 மணி நேரம் இரவில். ஒவ்வொரு ஓட்டத்தையும் பதிவேட்டில் எழுதி, பக்கத்தில் இருந்தவர் கையெழுத்திட வேண்டும். பொய்க்கணக்கு எழுதுபவர் அங்கும் இருக்கலாம். ஆனாலும், எதை எண்ண வேண்டும் என்பதில் அந்த அரசுக்குக் குழப்பமில்லை.

நம் விதிகளிலும் மணிக்கணக்கு இல்லாமல் இல்லை. ஓட்டுநர் பயிற்சிப் பள்ளி சொந்த வாகன ஓட்டுநருக்கு 21 நாள் பாடமும், குறைந்தது 10 மணி நேரம் வண்டியில் பயிற்சியும் தர வேண்டும் என்கிறது 31-ஆம் விதி. 2021 ஜூலை முதல் நடைமுறைக்கு வந்த அங்கீகரிக்கப்பட்ட பயிற்சி மையங்களில் இலகுரக வாகனத்துக்கு 29 மணி நேரம். அதில் 21 மணி நேரம் செய்முறை. அங்கே தேறியவருக்கு அரசுத் தேர்விலிருந்தே விலக்கு. விலக்கு கொடுக்கும்போது மையத்தைக் கண்காணிக்கும் பொறுப்பு பல மடங்காகிறது. இல்லாவிட்டால் புரோக்கர் இருந்த இடத்தில் மையம் உட்கார்ந்துகொள்ளும். ஆனால், சொந்தக் காருக்கோ பைக்குக்கோ உரிமம் கேட்பவர் பள்ளிக்கோ மையத்துக்கோ போயாக வேண்டும் என்ற கட்டாயமில்லை. வீட்டில் பழகியவரிடம் விதி கேட்பது ஒன்றே ஒன்று: எல்.எல்.ஆர். வாங்கி முப்பது நாள் ஆனதா?

120 மணி நேரத்தை இங்கே அப்படியே கொண்டுவந்து வைக்க முடியாது. தினக்கூலிக்குப் போகும் வீட்டில் அத்தனை மணி நேரம் பக்கத்தில் உட்கார யார் இருக்கிறார்கள், பெட்ரோலுக்கு யார் கொடுப்பார்கள்? 20 அல்லது 25 மணி நேரம், அதில் சில மணி நேரம் இருட்டிலும் மழையிலும் நெடுஞ்சாலையிலும் என்று தொடங்கலாம். எல்.எல்.ஆர். விண்ணப்பம் பதிவாகும் அதே சாரதி இணையதளத்தில் இந்தக் கணக்கையும் பதியலாம். இருசக்கர வாகனத்துக்கு, பின்னிருக்கை மாஸ்டர் என்ற கற்பனையை விட்டுவிட்டு, மூடிய தளத்தில் கட்டாயப் பயிற்சி, பிறகு சில மாதம் ஆள் ஏற்றாமல், இரவில் ஓட்டாமல் தனியே ஓடும் கட்டம் என்று விதியை மாற்றி எழுதலாம். 50 சி.சி. என்ற காலாவதியான அளவுகோலுக்குப் பதில் வேகத்தை வைத்து 16 வயதுக்காரருக்கு ஒரு பழகும் வழி வகுக்கலாம். இது ஒன்றுக்குத்தான் நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்த வேண்டியிருக்கும்.

முப்பது நாள் என்ற நிபந்தனை சட்டத்தில் இல்லை. 15-ஆம் விதியின் முதல் வரியில்தான் இருக்கிறது. மத்திய அரசு ஓர் அறிவிக்கையால் அதை மணிக்கணக்காக மாற்றிவிடலாம். அதுவரை காத்திருக்க வேண்டிய அவசியமும் தமிழ்நாட்டுக்கு இல்லை. முந்துவதையும் தடம் மாறுவதையும் பாதசாரிக்கு வழிவிடுவதையும் சோதிக்க வேண்டும் என்று அதே 15-ஆம் விதி முப்பது ஆண்டுகளுக்கும் மேலாகச் சொல்லிக்கொண்டே இருக்கிறது. தேர்வு மைதானத்தின் கேட்டைத் திறந்து, விண்ணப்பதாரரோடு பத்து நிமிடம் சாலைக்கு வர ஆய்வாளர்கள் போதுமான எண்ணிக்கையில் வேண்டும், அவ்வளவுதான். அதற்கு ஆகும் செலவு, ஆண்டுக்குப் பதினேழாயிரம் சாவுகளைச் சுமக்கும் ஒரு மாநிலத்துக்குப் பெரிய செலவல்ல.